உழைப்பின் சின்னம்

முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடும் அமெரிக்கக் காற்பந்தில், புள்ளிகளைக் குவிப்போருக்கே கைத்தட்டல் அதிகம். எதிரணியைத் தடுத்து நிறுத்துவோரின் உழைப்பு எளிதில் கண்ணில் படுவதில்லை. அத்தகைய தற்காப்பு ஆட்டக்காரர்களை உருவாக்குவதையே தம் வாழ்நாள் பணியாகக் கொண்டவர் பட் ஃபாஸ்டர்.

மரி மாநிலப் பல்கலைக்கழக அணியில் விளையாடிய அவர், பின்னர் அங்கேயே பயிற்றுநரானார். 1987ஆம் ஆண்டில், தலைமைப் பயிற்றுநர் ஃபிராங்க் பீமருடன் வெர்ஜினியா டெக் பல்கலைக்கழகத்திற்குச் சென்றார். 1995இல் தற்காப்புப் பிரிவை வழிநடத்தும் பொறுப்பு அவரிடம் வந்தது. அக்காலத்தில், நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர்கள் வேலைக்குக் கொண்டுசெல்வது போன்ற பழைய உணவுப் பெட்டி ஒன்று அப்பிரிவின் சின்னமானது. ஆட்டக்காரர்கள் தங்கள் இலக்குகளை எழுதி, கையொப்பமிட்டு, அதனுள் வைத்தனர். கடுமையாக உழைத்தவருக்கே அதைச் சுமக்கும் பெருமை கிட்டியது.

2006இல், நாட்டின் சிறந்த துணைப் பயிற்றுநருக்கான புரோய்ல்ஸ் விருதை ஃபாஸ்டர் பெற்றார். 2015இல் பீமர் ஓய்வுபெற்றபோது தலைமைப் பதவி வேறொருவருக்குச் சென்றது. ஆயினும், ஃபாஸ்டர் விலகவில்லை. புதியவரின்கீழ் அதே பணியைத் தொடர்ந்தார். 33 பருவங்கள் பணியாற்றிய பின், 2019ஆம் ஆண்டுப் பருவத்தின் முடிவில் ஓய்வுபெற்றார்.

தலைமைப் பதவியில் அமராமலேயே ஓர் அணியின் அடையாளத்தை உருவாக்க முடியும் என்பதற்கு அவரது பணி வாழ்க்கை சான்றாகும்.