"பாட்டி எங்கே?" – பிள்ளைக்குப் பதில் சொல்ல உதவும் கதைகள்

வீட்டில் ஒரு சாவு நேர்ந்தால் பெரியவர்கள் முதலில் செய்கிற காரியம், குழந்தைகளை அடுத்த வீட்டுக்கு அனுப்புவது. "சின்னப் பிள்ளைக்கு இதெல்லாம் எதற்கு?" என்பார்கள். "பாட்டி எங்கே?" என்று பிள்ளை கேட்டால், "சாமிகிட்டே போயிட்டாங்க" என்று சொல்லி, கையில் ஒரு மிட்டாயைக் கொடுத்து வாயை அடைத்துவிடுவார்கள்.

அன்பினால் செய்கிற காரியம்தான். ஆனால், அந்தப் பதில் பிள்ளையின் மனத்தில் என்ன வேலை செய்கிறது என்பதை யாரும் நினைத்துப் பார்ப்பதில்லை.

வெளி மாநிலத்துக்குப் பிழைக்க வந்த தமிழ்க் குடும்பங்களில் இந்தச் சிக்கல் இன்னும் பெரிது. தாத்தாவும் பாட்டியும் ஊரில் இருப்பார்கள். பிள்ளை அவர்களைக் காண்பது கோடை விடுமுறையில் மட்டும்தான். ஒரு காலத்தில் சாவுச் செய்தி தந்தியில் வந்தது. 2013 ஜூலையில் தந்திச் சேவை நின்றுபோயிற்று. இப்போது நள்ளிரவில் செல்போன் மணி அடிக்கிறது. அப்பா கைமாற்று வாங்கிக்கொண்டு ரெயில் ஏறுகிறார். எல்லோருக்கும் டிக்கெட் எடுக்கப் பணம் போதாது. பள்ளிக்கூடம் வேறு இருக்கிறது. பிள்ளைகள் இங்கேயே தங்கிவிடுகிறார்கள். பத்துப் பதினைந்து நாள் கழித்து அப்பா மொட்டைத் தலையோடு திரும்பி வருகிறார். அந்தத் தலை ஏன் மொட்டையாயிற்று என்பதைக்கூடப் பல வீடுகளில் பிள்ளைக்குச் சொல்வதில்லை.

ஊருக்குப் போனவர்கள்

இங்கேயே மகனோடு வந்து தங்கியிருந்த பாட்டி இறந்துவிட்டால், "பாட்டி ஊருக்குப் போயிட்டாங்க" என்று சொல்லிவிடுவது சுலபம். ஆனால் மும்பையிலோ பெங்களூரிலோ வளரும் தமிழ்ப் பிள்ளைக்கு அந்தச் சொல்லின் பொருள் வேறு. அப்பா ஊருக்குப் போவார், திரும்பி வருவார். அம்மா பிரசவத்துக்கு ஊருக்குப் போவாள். தம்பிப் பாப்பாவோடு வருவாள். ஊருக்குப் போனவர்கள் எல்லோரும் முறுக்கும் கருப்பட்டியும் கட்டிக்கொண்டு வருவதைத்தான் அது பார்த்திருக்கிறது. பாட்டி மட்டும் ஏன் வரவில்லை? ஒருவேளை தன்மேல் கோபமோ என்று அது எண்ணத் தொடங்குகிறது.

மற்றச் சொற்களும் இப்படித்தான். "தூங்குகிறார்" என்றால், பிள்ளை இரவில் கண்ணை மூடப் பயப்படும். "சாமி எடுத்துக்கிட்டார்" என்றால், அடுத்தபடி அம்மாவையும் எடுத்துக்கொள்வாரோ என்று நடுங்கும். "தவறிட்டார்" என்றால், தாத்தா என்ன தப்புச் செய்தார் என்று கேட்கும்.

சாவைப் பற்றிக் குழந்தைகள் என்ன நினைக்கிறார்கள் என்பதை ஹங்கேரி நாட்டு உளவியல் அறிஞர் மரியா நாகி ஆராய்ந்தார். புடாபெஸ்ட் நகரிலும் சுற்றுப்புறத்திலும் 3 வயது முதல் 10 வயது வரையுள்ள 378 குழந்தைகளிடம் பேசி, 1948ல் முடிவுகளை வெளியிட்டார். ஐந்து வயதுக்கு உட்பட்டவர்கள் பெரும்பாலும் சாவை ஒரு பயணமாகவோ தூக்கமாகவோ எண்ணினார்கள். அதற்கு மேற்பட்டவர்கள் வந்து பிடித்துப்போகிற ஓர் ஆளாக எண்ணினார்கள். ஏறக்குறைய ஒன்பது வயதில்தான், சாவு எல்லோருக்கும் வரும், வந்தால் மீட்சி இல்லை என்பது விளங்கியது. சின்னஞ்சிறு பிள்ளை தானாகவே "பயணம்" என்று நினைக்கிறது. பெரியவர்கள் "ஊருக்குப் போனார்" என்று சொல்லி அந்தத் தவறான எண்ணத்துக்கு முத்திரை குத்துகிறார்கள்.

தாகூர் கண்ட முதல் சாவு

கவி ரவீந்திரநாத தாகூரின் தாயார் சாரதா தேவி 1875ல் காலமானார். அப்போது தாகூருக்கு வயது 13. அன்று நடந்ததைத் தம் வாழ்க்கை நினைவுகளில் அவர் எழுதியிருக்கிறார்.

நடு இரவில் பணிப்பெண் அலறிக்கொண்டு பிள்ளைகள் தூங்கும் அறைக்கு ஓடி வந்தாள். பிள்ளைகள் அதிர்ச்சி அடையக் கூடாதென்று அண்ணி அவளை உடனே வெளியே அழைத்துப் போய்விட்டார். காலையில் செய்தி சொன்னார்கள். பிள்ளைக்கு அதன் பொருள் விளங்கவில்லை. முற்றத்தில் கிடத்தியிருந்த தாயின் முகம் தூங்குவதுபோல அமைதியாக இருந்தது, பயமே தோன்றவில்லை. வாசல் வழியே உடலை எடுத்துச் சென்று, தானும் சுடுகாட்டுக்குப் பின்னால் நடந்தபோதுதான், இந்த வாசல் வழியே அம்மா இனி ஒருபோதும் திரும்பி வரமாட்டாள் என்பது உறைத்தது. அழுகை பொங்கியது.

தாயில்லாப் பிள்ளைகளை அந்த வீட்டின் இளைய மருமகள் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டார். வேளைக்குச் சோறும் துணியும் கொடுத்து, எந்நேரமும் பக்கத்திலேயே வைத்துக்கொண்டார். உண்மையை அறிந்ததும், அறிந்தபின் அருகில் ஓர் ஆள் இருந்ததும்தான் அந்தச் சிறுவனைக் காப்பாற்றின.

ஜன்னலோரச் சிறுவன்

பின்னாளில் தாகூர் வீட்டில் சாவு அடுத்தடுத்து வந்தது. 1902ல் மனைவி, 1903ல் மகள் ரேணுகா, 1907ல் காலராவில் கடைசி மகன் சமீந்திரநாத். இத்தனையும் கண்ட பிறகு 1911ல் அவர் எழுதியதுதான் "டாக் கர்" என்ற நாடகம். தமிழில் "தபால் நிலையம்" என்று சொல்லலாம்.

அமல் என்ற சிறுவன் தாய் தந்தையை இழந்தவன். மாதவர் என்பவர் அவனை எடுத்து வளர்க்கிறார். அவனுக்கு நோய். காற்றும் வெயிலும் படக்கூடாது என்று வைத்தியர் சொல்லிவிட்டார். ஆகவே அவன் நாள் முழுதும் ஜன்னலோரம் உட்கார்ந்து தெருவைப் பார்க்கிறான். தயிர்க்காரர் போகிறார், அவரைப்போலத் தயிர் கூவி விற்க ஆசைப்படுகிறான். காவல்காரர் மணி அடிக்கிறார். நேரம் எங்கே போகிறது என்று அவரிடம் கேட்கிறான். யாரும் கண்டிராத அந்த நாட்டுக்கு எல்லோரும் ஒருநாள் போகத்தான் வேண்டும் என்கிறார் அவர். எதிரே ராஜாவின் புதிய தபால் நிலையம் திறந்திருக்கிறது. ராஜா தனக்கும் ஒரு கடிதம் எழுதுவார் என்று அமல் காத்திருக்கிறான்.

ஊர்த் தலைவர் கேலி செய்து ஒரு வெற்றுத் தாளைக் கொண்டுவந்து, இதுதான் ராஜாவின் கடிதம் என்கிறார். ஆனால் ராஜாவின் வைத்தியர் உண்மையாகவே வருகிறார். மூடிய கதவு ஜன்னல்களையெல்லாம் திறக்கச் சொல்கிறார். அமல் கண் அயர்கிறான். பூக்காரச் சிறுமி சுதா, தான் வாக்களித்தபடி பூவோடு வருகிறாள். தான் அவனை மறக்கவில்லை என்பதை அவன் காதில் சொல்லும்படி கேட்டுக்கொள்கிறாள். நாடகம் முடிகிறது.

இந்த நாடகமும் தூக்கத்தில்தான் முடிகிறது. ஆகவே பத்து வயதைத் தாண்டிய பிள்ளைக்கே இது ஏற்றது. "அமல் செத்துவிட்டானா?" என்று பிள்ளை கேட்டால் "ஆமாம்" என்று சொல்லப் பக்கத்தில் ஒருவர் இருக்க வேண்டும்.

வார்சா அநாதை இல்லத்தில்

நாடகம் வங்காளத்தோடு நிற்கவில்லை. 1913ல் அயர்லாந்தின் டப்ளின் நகரில் ஆங்கிலத்தில் மேடையேறியது. ஆனால் அதன் மிக உருக்கமான அரங்கேற்றம் நடந்தது போலந்தில்.

யானுஷ் கோர்ச்சாக் ஒரு டாக்டர். குழந்தைகளுக்குக் கதை எழுதியவர். வார்சா நகரில் யூத அநாதைக் குழந்தைகளுக்கு இல்லம் நடத்தினார். இரண்டாம் உலகப் போரில் நாஜிகள் யூதர்களை மதில் சூழ்ந்த பகுதியில் அடைத்தபோது, அவரும் பிள்ளைகளோடு உள்ளே போனார். பசியும் நோயும் மலிந்த அந்த இடத்தில், 1942 ஜூலை 18ஆம் தேதி, அநாதைப் பிள்ளைகள் தாகூரின் நாடகத்தை நடித்தார்கள். சாவை அமைதியாக ஏற்கப் பிள்ளைகள் கற்றுக்கொள்ள வேண்டும் என்பதற்காக இதைத் தேர்ந்தெடுத்ததாக அவர் கூறினார் என்பார்கள்.

மூன்று வாரம்கூட ஆகவில்லை. ஆகஸ்டு தொடக்கத்தில் ஏறக்குறைய 200 பிள்ளைகளையும் டிரெப்ளிங்கா கொலைக்களத்துக்கு ரெயிலேற்றினார்கள். தப்பிக்க வாய்ப்பு இருந்தும் கோர்ச்சாக் பிள்ளைகளை விட்டுப் பிரியவில்லை. அவர்களோடு சேர்ந்தே போனார்.

சிறுவர் புத்தகங்கள்

இன்னும் சிறிய பிள்ளைகளுக்கும் நூல்கள் உண்டு. அமெரிக்க எழுத்தாளர் மார்கரெட் வைஸ் பிரவுன் 1938ல் எழுதிய கதையில், சில பிள்ளைகள் செத்த பறவை ஒன்றைக் காண்கிறார்கள். தொட்டுப் பார்க்கிறார்கள், நெஞ்சு துடிக்கவில்லை. குழி தோண்டிப் புதைத்து, பாட்டுப் பாடி, பூ வைக்கிறார்கள். மறக்கும்வரை நாள்தோறும் அங்கே வருகிறார்கள். அவ்வளவுதான் கதை. சாவு என்றால் என்ன, துக்கம் எப்படி மெல்லத் தணியும் என்ற இரண்டும் அதில் அடங்கிவிட்டன.

ஈ.பி. ஒயிட் 1952ல் எழுதிய "சார்லட்ஸ் வெப்" நாவலில், ஒரு பன்றிக்குட்டியை வெட்டுக்குப் போகாமல் காப்பாற்றிய சிலந்தி, தன் வேலை முடிந்ததும் செத்துப்போகிறது. அதன் முட்டைப் பையைப் பன்றிக்குட்டி பத்திரமாக வாயில் எடுத்து வந்து காக்கிறது. நம் நாட்டில், சென்னையிலுள்ள தூலிகா பதிப்பகம் வெளியிட்ட சதுரா ராவின் "கான் கிராண்ட்மதர்", பாட்டி எங்கே போனாள் என்று தேடும் நீனா என்ற சிறுமியின் கதை.

ஆங்கிலம் தெரியாத பெற்றோர் தயங்க வேண்டியதில்லை. பிள்ளை படிக்கட்டும், அப்பா உட்கார்ந்து கேட்கட்டும். பிறகு இருவரும் தமிழில் பேசலாம்.

நம் கதைகள்

புத்தகம் வாங்க முடியாத வீட்டிலும் கதைக்குப் பஞ்சமில்லை. ஆனால் தேர்ந்தெடுத்துச் சொல்ல வேண்டும். மார்க்கண்டேயன் எமனிடமிருந்து தப்பினான். சாவித்திரி கணவன் உயிரை மீட்டாள். நல்ல கதைகள்தான். ஆனால் அம்மாவை இழந்த பிள்ளையிடம் சொன்னால், "நான் சரியாகச் சாமி கும்பிடவில்லையா?" என்று அது தன்னையே குற்றம் சொல்லும்.

மணிமேகலையில் கோதமை என்ற தாய், இறந்த மகனைத் தூக்கிவந்து சம்பாபதித் தெய்வத்திடம் முறையிடுகிறாள். எல்லாத் தேவர்களும் கூடி வந்தும் உயிரை மீட்க முடியவில்லை. மூலத்தில் அந்தத் தாயும் பிறகு உயிர் விடுகிறாள். ஆகவே இது பெரியவர்களுக்கான கதை. பிள்ளைகளுக்கு ஏற்றது புத்தர் கால கிசா கோதமியின் கதை. சாவு நிகழாத வீட்டிலிருந்து கடுகு வாங்கி வரச் சொன்னார் புத்தர். அவள் வீடு வீடாகப் போனாள். அப்படி ஒரு வீடும் கிடைக்கவில்லை. துக்கம் தனக்கு மட்டும் வந்ததல்ல என்று தெரிந்துகொண்டாள்.

கடோபநிடதத்தில் வரும் நசிகேதன் சிறுவன். செத்த பிறகு என்ன ஆகிறது என்று எமனிடமே கேட்கிறான். எமன் பொன் தருகிறேன், யானை தருகிறேன் என்று பேச்சை மாற்றுகிறான். சிறுவன் அசையவில்லை, பதில்தான் வேண்டும் என்கிறான். கேள்வி கேட்கிற பிள்ளைக்கு மிட்டாய் ஈடாகாது என்பதை அந்தப் பழைய நூலே சொல்லிவிட்டது.

சொல்ல வேண்டியவை மூன்று

கதை முடிந்ததும் பெற்றோர் மூன்று விஷயங்களைத் தெளிவாகச் சொல்ல வேண்டும். இறந்தவர் திரும்பி வரமாட்டார். அவருக்கு இனிப் பசியும் வலியும் இல்லை. அவர் இறந்தது உன்னால் அல்ல. இவற்றை ஒரே நாளில் சொல்லி முடிக்க முடியாது. பிள்ளை அதே கேள்வியைப் பத்து முறை கேட்கும். பத்து முறையும் அதே பதிலைச் சொல்ல வேண்டும். "ஆம்பிளைப் பிள்ளை அழக்கூடாது" என்று அதட்டக் கூடாது. அப்பாவும் அழுதேன் என்று சொல்வதில் கௌரவக் குறைவு ஒன்றுமில்லை.

ஊருக்கு அழைத்துப்போக முடியாவிட்டால், இங்கேயே செய்யக்கூடியவை உண்டு. பாட்டியின் படத்துக்குப் பிள்ளை கையால் பூ வைக்கச் சொல்லலாம். பாட்டி சொன்ன கதையை அதன் வாயால் சொல்லச் சொல்லலாம். அடுத்த விடுமுறையில் ஊருக்குப் போகும்போது, அடக்கம் செய்த இடத்தையோ எரித்த இடத்தையோ காட்டலாம்.

ஒற்றை அறை வீட்டில் எதையும் பிள்ளைக்கு மறைக்க முடியாது. நள்ளிரவில் போன் மணி அடித்ததும், அம்மா வாயில் சேலையைப் பொத்தி அழுததும் போர்வைக்குள் கிடந்த பிள்ளைக்குத் தெரியும். ஏன் என்பதுதான் தெரியாது. அதைச் சொல்லாவிட்டால், அந்தப் பிள்ளை பக்கத்திலேயே படுத்திருந்தும் தனியாகத்தான் இருக்கிறது.