தள்ளுபடியான வழக்கை மறுபடி போட முடியுமா?

1885 ஜனவரியில் பைசாபாத் கோர்ட்டில் மகந்த் ரகுபர் தாஸ் ஒரு வழக்குப் போட்டார். அயோத்தியில் பாபர் மசூதியின் வெளிமுற்றத்தில் ராம் சபூத்ரா என்றொரு மேடை. 21 அடிக்கு 17 அடி. அதன் மேல் கோயில் கட்ட அனுமதி வேண்டும் என்றார். அந்த டிசம்பரிலேயே வழக்கு தள்ளுபடியானது. மறு ஆண்டு இரண்டு மேல்முறையீடுகளிலும் தோல்விதான்.

அதே இடத்தின் உரிமை பற்றிய அயோத்தி வழக்கு உச்ச நீதிமன்றத்தில் நடந்தபோது முஸ்லிம் தரப்பு இந்தப் பழைய தீர்ப்பைக் காட்டியது: அப்போதே முடிந்த விவகாரத்தை மறுபடி கிளறலாமா?

கிளறக் கூடாது என்பதே பொது விதி. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 11ஆவது பிரிவு அதைச் சொல்கிறது. வக்கீல்கள் ‘ரெஸ் ஜுடிகேட்டா’ என்பார்கள், தமிழில் முன்தீர்ப்புத் தடை. அதே தரப்பினர், அதே பிரச்சினை, அதிகாரமுள்ள கோர்ட், விசாரித்து அளித்த இறுதி முடிவு. எல்லாம் பொருந்தினால் இரண்டாவது வழக்கு நிற்காது. முதல் வழக்கிலேயே எழுப்பியிருக்க வேண்டிய வாதத்தைப் பத்திரப்படுத்தி வைத்துக்கொண்டு பின்னால் எடுத்துவிடவும் முடியாது.

2019இல் உச்ச நீதிமன்றம் அயோத்திக்கு இந்தத் தடை பொருந்தாது என்றது. ரகுபர் தாஸ் வந்தது தனக்காக. எல்லா இந்துக்களின் சார்பாகவும் அல்ல. கேட்டதும் கட்டட அனுமதி, நிலத்தின் உரிமை அல்ல.

அடிப்படை உரிமைக்காகப் போடும் ரிட் மனுக்களுக்கும் இதே தடைதான். உயர் நீதிமன்றம் விசாரித்துத் தள்ளிய மனுவை நேராக உச்ச நீதிமன்றத்தில் புதிதாகப் போட முடியாது, மேல்முறையீடு செய்யலாம் என்று 1961இல் தர்யாவ் வழக்கில் தீர்ப்பானது. ஆட்கொணர்வு மனு மட்டும் விலக்கு. ஆள் உள்ளே இருக்கும்போது நடைமுறை பேசுவது நியாயமில்லைதானே!

மோசடி என்றால் கதையே வேறு. உச்ச நீதிமன்றம் வரை போன செங்கல்வராய நாயுடு வழக்கைப் பாருங்கள். முதலாளிக்காக ஒருவர் கோர்ட் ஏலத்தில் சொத்தை எடுத்தார். பிறகு சொத்தில் தனக்கு உரிமையில்லை என்று முதலாளிக்கே விடுதலைப் பத்திரமும் எழுதிக் கொடுத்துவிட்டார். அந்தப் பத்திரத்தை மறைத்துவிட்டு, சொத்தில் தனக்குப் பங்கு உண்டென்று பாகப்பிரிவினை வழக்குப் போட்டு முதல்நிலைத் தீர்ப்பாணையும் வாங்கினார். இறுதித் தீர்ப்பாணை கேட்டபோது குட்டு உடைந்தது. பத்திரத்தைக் காட்டும் கடமை வாதிக்கு இல்லை என்றது உயர் நீதிமன்றம். உச்ச நீதிமன்றம் 1993இல் அதைக் கடுமையாக மறுத்தது: ஏமாற்றி வாங்கிய தீர்ப்பு தீர்ப்பே அல்ல, எந்தக் கோர்ட்டிலும் அதை எதிர்க்கலாம். இதைச் சாக்காக வைத்து, தோற்றவரெல்லாம் ‘மோசடி’ என்று புது வழக்குப் போடுவதும் உண்டு. பெங்களூரில் வாடகை இடத்தைக் காலி செய்யத் தந்தை அவகாசம் வாங்கிக்கொண்ட பிறகு அப்படிச் செய்த மகனை 1977இல் உச்ச நீதிமன்ற நீதிபதி கிருஷ்ணய்யர் வறுத்தெடுத்தார்.

நம் ஊரில் ‘கேஸ் தள்ளுபடி’ என்ற ஒரே சொல்லுக்குள் பல சங்கதிகள் அடங்கியிருக்கின்றன. கோர்ட் கட்டணம் குறைவென்று பிராதையே நிராகரித்திருந்தால் புதுப் பிராது போடலாம். அனுமதி வாங்கி வாபஸ் பெற்றிருந்தாலும் போடலாம். வாய்தாவுக்கு வாதி வராமல், பிரதிவாதி மட்டும் வந்து நின்றதால் தள்ளுபடியானால் புது வழக்கு கிடையாது. பழையதையே கோப்புக்குத் திரும்ப எடுக்கச் சொல்லி மனு போட வேண்டும். அதற்குக் கெடு, தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாள்.