வைஃபை மாறுவதை முடிவு செய்வது யார்?

பெரிய அலுவலகத்திலோ மருத்துவமனையிலோ ஒரே பெயரில் பல வைஃபை அக்சஸ் பாயின்ட்கள் இயங்கும். பேசிக்கொண்டே அடுத்த மாடிக்குப் போனால், தலைக்கு மேலேயே ஒன்று இருந்தும் கைபேசி பழையதை விடாமல் பிடித்துக்கொண்டு திணறும். உடனே நெட்வொர்க்கைக் குறை சொல்கிறோம். அழைப்பின் நடுவே செல்பேசிக் கோபுரம் மாறும்போது நெட்வொர்க்தான் முடிவெடுக்கிறது என்பது உண்மை. வைஃபையில் அந்த முடிவு கைபேசியுடையது. அதன் தயக்கத்துக்குத் தக்க காரணமும் உண்டு.

ஆப்பிள் நிறுவனம் வெளியிட்டுள்ள விளக்கத்தின்படி, சிக்னல் மைனஸ் 70 டிபிஎம் அளவுக்குக் கீழே போனால்தான் ஐபோன் வேறு அக்சஸ் பாயின்டைத் தேடும். தேடிக் கிடைத்தது, தகவல் பரிமாற்றம் நடக்கும்போது 8 டெசிபலும், சும்மா இருக்கும்போது 12 டெசிபலும் கூடுதலாக இருந்தால்தான் மாறும். 8 டெசிபல் என்பது ஏறத்தாழ ஆறு மடங்கு வலிமை. இவ்வளவு இடைவெளி எதற்கு? நாம் சற்றுத் திரும்பினாலே, ஒரு கதவு மூடினாலே சிக்னல் சில டெசிபல் ஏறி இறங்கும். அதற்கெல்லாம் மாறினால் இரண்டுக்கும் நடுவே கைபேசி ஊசலாடிக்கொண்டே இருக்கும். தேடுவதற்கும் விலை உண்டு: பேசிக்கொண்டிருக்கும் சேனலை விட்டு மற்ற சேனல்களைக் கேட்டுவர வேண்டும், பேட்டரியும் கரையும். மாறிய இடத்தில் பாதுகாப்புச் சாவிகளைப் புதிதாகப் பரிமாறிக்கொள்ளும் நேரத்தில் குரல் விட்டுப்போகலாம்.

எல்லாக் கருவிகளையும் பார்க்கும் நெட்வொர்க்கிடமே முடிவை விட்டுவிடலாமே என்று கேட்கலாம். கைபேசியின் குரல் தனக்கு எப்படிக் கேட்கிறது என்பது அக்சஸ் பாயின்டுக்குத் தெரியும். கைபேசி நிற்கும் இடத்தில் எது எப்படிக் கேட்கிறது என்பது கைபேசிக்குத்தான் தெரியும். ஆகவே தரநிலைகள் அதிகாரத்தைப் பறிக்காமல் உதவியைக் கூட்டின. 802.11கே அக்கம்பக்கத்து அக்சஸ் பாயின்ட்களின் பட்டியலைத் தருகிறது, 802.11வி 'இங்கே போகலாம்' என்று பரிந்துரைக்கிறது, கைபேசி மறுக்கவும் செய்யலாம். 2008இல் வந்த 802.11ஆர் சாவிப் பரிமாற்றத்தைச் சுருக்குகிறது.

அப்படியானால் ஒலிபரப்பு வலிமையைக் கூட்டினால் போதாதா? அது நிலைமையை மோசமாக்கவே வாய்ப்பு அதிகம். அக்சஸ் பாயின்டின் குரல் ஓங்கினாலும் கைபேசியின் குரல் ஓங்காது. தூரத்திலும் சிக்னல் நன்றாகத் தெரிவதால் கைபேசி தேடவே தொடங்காது; அதன் பதிலோ அங்கே போய்ச் சேராது. வலிமையை அளவோடு வைத்து, அக்சஸ் பாயின்ட்களைச் சரியான இடைவெளியில் நிறுவி, இந்த மூன்று வசதிகளையும் இயக்குவதே சரியான வழி. சரியான தகவல் சரியான நேரத்தில் கிடைத்தால் கைபேசி தானே நல்ல முடிவெடுக்கும்.