பெயர் எழுதாத படங்களுக்குப் பட்டும் வெல்வெட்டும்

நம் சேரிகளில் பல பாட்டிகளுக்கு இருக்கும் ஒரே படம் வாக்காளர் அட்டையில் இருப்பதுதான். அவர்களைப் பெற்றவர்களுக்கு அதுவும் இல்லை. வெள்ளைக்கார அதிகாரிகள் எடுத்த பழைய படங்களில் நம்மவர்கள் நின்றாலும், கீழே பெரும்பாலும் சாதிப்பெயர்தான் இருக்கும்; ஆளின் பெயர் இருக்காது.

அமெரிக்கக் கறுப்பின மக்களுக்கும் இதே குறை உண்டு. அதைத் துணியும் நூலும் கொண்டு நேர்செய்து வருகிறார் பிசா பட்லர் என்ற கலைஞர்.

1973இல் நியூஜெர்சி மாநிலத்தில் பிறந்தவர். அப்பா கானா நாட்டுக்காரர். ஹோவர்டு பல்கலைக்கழகத்தில் ஓவியம் படித்தார். கர்ப்பமாக இருந்தபோது எண்ணெய் வண்ணத்தின் வாடை ஒத்துக்கொள்ளவில்லை. அம்மாவிடமும் பாட்டியிடமும் கற்ற தையல் கைகொடுத்தது. நோயில் கிடந்த பாட்டிக்காக, தாத்தா பாட்டியின் கல்யாணப் படத்தைத் துணியில் செய்து கொடுத்தார். பிறகு பத்தாண்டுகளுக்கு மேல் பள்ளி ஆசிரியர் வேலை பார்த்துக்கொண்டேதான் இந்தக் கலையை வளர்த்தார்.

பழைய சேலைகளை அடுக்கி நம் வீடுகளில் போர்வை தைப்பார்களே, கிட்டத்தட்ட அந்த முறைதான். அங்கே அதற்கு ‘குவில்ட்’ என்று பெயர். அடிமைக் காலத்திலிருந்தே கறுப்பினப் பெண்கள் தைத்து வந்தது. பிசா ஒரு பழைய புகைப்படத்தை எடுத்து, ஆள் அளவுக்குப் பெரிதாக வரைந்துகொள்கிறார். பருத்தி, பட்டு, வெல்வெட், லேஸ் எனத் துண்டு துண்டாக வெட்டி ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து மூக்கு, கன்னம், விரல் என எழுப்புகிறார். நடுவில் பஞ்சு, பின்னால் இன்னொரு துணி; எல்லாவற்றையும் சேர்த்து மெஷினில் தைத்துவிடுகிறார். ஆப்பிரிக்கச் சந்தைத் துணிகளும் இதில் உண்டு. கானாவில் அந்த அச்சுகளுக்குப் பெயரும் பொருளும் இருக்கின்றன. பறக்கும் குருவி அச்சு என்றால், பணம் சிறகு முளைத்துப் பறந்துவிடும் என்று அர்த்தம்!

முகங்களைக் கறுப்பில் தைப்பதில்லை. ஊதா, நீலம், சிவப்பு, பச்சை. தோலைப் பார்த்து ஆளை எடைபோட்டவர்கள் இந்த முகங்களை எந்தத் தராசில் வைப்பார்கள்?

முதல் உலகப் போரில், வெள்ளை வீரர்களோடு சேர்ந்து நிற்க விடாமல், ஒரு கறுப்பினப் படைப்பிரிவைப் பிரெஞ்சு ராணுவத்திடம் தள்ளிவிட்டது அமெரிக்கா. பிரான்சு பதக்கம் கொடுத்தது. 1919இல் பதக்கத்தோடு ஊர் திரும்பிய ஒன்பது வீரர்களைப் பிசா துணியில் நிறுத்தியிருக்கிறார். வாஷிங்டனில் உள்ள ஸ்மித்சோனியன் கலைக்கூடத்தில் அது இருக்கிறது.

நமக்கு இன்னும் நெருக்கமானது வேறொன்று. 1941 ஈஸ்டர் ஞாயிறு. சிகாகோவில் ரஸ்ஸல் லீ என்பவர் அரசுக்காக எடுத்த படம். ஐந்து சிறுவர்கள் நல்ல உடுப்போடு ஒரு காரின்மேல் அமர்ந்திருக்கிறார்கள். கீழே ‘நீக்ரோ சிறுவர்கள், ஈஸ்டர் காலை’ என்று குறிப்பு. ஐவரில் ஒருவர் பெயரும் அதில் எழுதப்படவில்லை. 2018இல் பிசா அவர்களைத் துணியில் தைத்தார். தோளில் துண்டு போட்டதற்காக அடிபட்டவர்களின் பேரப்பிள்ளைகள் நாம். அந்தப் பையன்களின் கோட்டுக்கு அவர் ஏன் அவ்வளவு பொறுக்கித் துணி எடுத்தார் என்று நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை.