மூட்டை இறங்கும் இரவு

சென்ற வாரம் விலையைப் பேசி முடித்தோம். இந்த வாரம் கெடு நாள்.

மும்பை டிராம்பே சீத்தா கேம்ப்பில் ஒரு துணிக்கடை. தீபாவளிக்குப் பத்து நாள் முன்னால் வர வேண்டிய சரக்கு, பண்டிகைக்கு முந்தின இரவு வந்து இறங்குகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். கடைக்காரர் முணுமுணுத்துக்கொண்டே மூட்டையை உள்ளே தள்ளுவார், சலானில் கையெழுத்துப் போடுவார். சண்டையெல்லாம் பிறகு பாக்கி வசூலிக்க ஆள் வரும்போதுதான். "லேட்டா அனுப்பினீங்களே, என் நஷ்டத்தை யாருங்க குடுப்பா?"

நியாயமான கேள்வி. ஆனால் அதைக் கேட்டிருக்க வேண்டியது மூட்டை இறங்கிய இரவில். 1872-ம் ஆண்டு இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 55-வது பிரிவு இதில் கறாரானது. பண்டிகைச் சரக்குக்கு நாள்தான் உயிர். அப்படிப்பட்ட ஒப்பந்தத்தில் கெடு தவறினால், வேண்டாம் என்று திருப்பி அனுப்ப வாங்குபவருக்கு உரிமை உண்டு. தாமதமாக வந்ததை ஏற்றுக்கொண்டால், ஏற்கும்போதே 'நஷ்டஈடு கேட்பேன்' என்று அறிவித்திருக்க வேண்டும். அறிவிக்காவிட்டால் அந்த உரிமை போயிற்று. நாள் அவ்வளவு முக்கியமில்லாத ஒப்பந்தமானால் ரத்து செய்ய முடியாது, நஷ்டஈடு மட்டும் கேட்கலாம். விற்பவருக்கும் ஒரு செய்தி: 1930-ம் ஆண்டு சரக்கு விற்பனைச் சட்டப்படி, வேறு விதமாகப் பேசிக்கொள்ளாதவரை, பணம் தரும் தேதி ஒப்பந்தத்தின் உயிரல்ல. பாக்கி இரண்டு நாள் தள்ளிப்போனது என்பதற்காக வியாபாரத்தையே முறிக்க முடியாது.

பெரிய நிறுவனங்கள் இந்த விஷயத்தில் எவ்வளவு உஷார் என்பதற்கு ஓ.என்.ஜி.சி. வழக்கு ஒன்று போதும். எண்ணெய்க் கிணறுகளுக்கான குழாய்களை சா பைப்ஸ் நிறுவனத்திடம் வாங்க ஒப்பந்தம். கெடு 1996 நவம்பர். ஐரோப்பாவில் உருக்காலைத் தொழிலாளர் வேலைநிறுத்தம் வந்து மூலப்பொருள் தடைப்பட்டது. சா பைப்ஸ் அவகாசம் கேட்டது. ஓ.என்.ஜி.சி. 45 நாள் கொடுத்தது. அவகாசம் கொடுத்த அதே கடிதத்தில், தாமதத்துக்கான தொகையைப் பிடித்துக்கொள்வோம் என்றும் எழுதியது. வாரத்துக்கு ஒரு சதவீதம், அதிகபட்சம் பத்து என்று ஒப்பந்தத்திலேயே இருந்தது. மூன்று லட்சம் டாலருக்கு மேல் பிடித்தார்கள். நடுவர் மன்றம், நஷ்டத்தை நிரூபிக்கவில்லை, திருப்பிக் கொடு என்றது. உச்ச நீதிமன்றம் 2003-ல் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. இன்ன அளவு நஷ்டம் என்று நிரூபிப்பது கடினமான இடத்தில், இரு தரப்பும் முன்கூட்டியே நேர்மையாகக் கணித்து ஒப்புக்கொண்ட தொகை செல்லும் என்றது.

என்னை அதிகம் யோசிக்க வைப்பது அந்தக் கடிதம். அவகாசமும் கொடுத்தார்கள், உரிமையையும் விடவில்லை. நம் கடைக்காரர்களுக்கு இது கூச்சம். இருபது வருஷப் பழக்கம், முகத்துக்கு நேரே எப்படி எழுதுவது என்பார்கள். அந்தக் கூச்சத்தால் சிறு கடைகள் இழக்கும் பணத்தை நினைத்தால் மனசு பொறுக்கவில்லை. வக்கீல் வேண்டாம், முத்திரைத்தாள் வேண்டாம். சலானில் கையெழுத்துக்கு மேலே ஒரு வரி போதும்: 'ஒன்பது நாள் தாமதம், நஷ்டஈடு கேட்பேன் என்ற அறிவிப்போடு பெற்றுக்கொள்கிறேன்.' கீழே தேதி. அதைப் படம் எடுத்து அன்றிரவே அனுப்பியவருக்கு வாட்ஸ்அப்பில் போட்டுவிடுங்கள்.

(தொடரும்)