120 கோடி வருஷத்தைக் காணோம்!

எக்ஸாமுக்கு முதல் நாள் ராத்திரி நோட்ஸைத் திறக்கிறீங்க. நடுவுல நாலு பக்கம் மிஸ்ஸிங். எப்படி இருக்கும்? பூமியோட நோட்ஸிலும் இதே கதைதான். காணாமப் போனது 120 கோடி வருஷம்! பூமியோட வயசே சுமார் 454 கோடி. கால்வாசிக்கும் மேல அவுட்!

ஸ்பாட், அமெரிக்காவின் அரிசோனா மாநிலத்தில் இருக்கும் கிராண்ட் கேன்யன். கொலராடோ ஆறு அறுத்து உண்டாக்கிய பிரம்மாண்டப் பள்ளத்தாக்கு. 1869-ல் ஜான் வெஸ்லி பவல் என்ற ஆராய்ச்சியாளர், ஒன்பது பேரோடு நாலு படகுகளில் இந்த ஆற்றில் இறங்கினார். போரில் ஒரு கையை இழந்தவர். அப்படியும் விடலை மனுஷன்! போற வழியில் பாறைச் சுவரில் ஒரு கோடு அவர் கண்ணில் பட்டது.

கோட்டுக்குக் கீழே செங்குத்தா நிற்கும் கறுத்த பாறை. பேரு 'விஷ்ணு சிஸ்ட்' (ஆமாங்க, நம்ம விஷ்ணுதான்!). வயசு சுமார் 170 கோடி வருஷம். கோட்டுக்கு மேலே பாய் விரிச்ச மாதிரி படுத்திருக்கும் டேபீட்ஸ் மணற்கல். இதன் வயசு சுமார் 50 கோடி. ரெண்டையும் ஒரே உள்ளங்கையால தொடலாம். கைக்கு அடியில 120 கோடி வருஷ இடைவெளி!

சில இடங்களில் நடுக்காலப் பாறைகள் கொஞ்சம் மிச்சமிருக்கு. மற்ற இடங்களில் சுத்தமா துடைச்சு எடுத்தாச்சு. இதே மாதிரி கோடு மற்ற கண்டங்களிலும் இருக்கு. இதுக்கு 'கிரேட் அன்கன்ஃபார்மிட்டி'ன்னு பேரு.

குற்றவாளி யாரு?

2019-ல் பிரென்ஹின் கெல்லர் குழு கை காட்டியது பனியை. சுமார் 70 கோடி வருஷத்துக்கு முன்னாடி பூமி முழுக்க ஐஸ்கட்டியா உறைஞ்சு கிடந்த காலம் உண்டு. அந்தப் பனிப்பாறைகள் நகர்ந்து நகர்ந்து, கண்டங்களின் மேலிருந்து சராசரியா 3 முதல் 5 கிலோமீட்டர் பாறையைச் சுரண்டிடுச்சுங்கிறது இவங்க கட்சி.

'அவசரப்படாதீங்க பாஸ்'னு வந்தது ரெபெக்கா ஃபிளவர்ஸ் குழு. இவங்க சாட்சி, சிர்கான் என்ற துளியூண்டு படிகம். அதுக்குள்ள யுரேனியம் சிதைஞ்சு ஹீலியம் உண்டாகும். பாறை ஆழத்தில் சூடா இருக்கிறவரை ஹீலியம் தப்பிச்சு ஓடிடும். மேலே வந்து ஆறினா உள்ளேயே மாட்டிக்கும். சிக்கின ஹீலியத்தை அளந்தா, பாறை எப்போ மேலே வந்ததுன்னு கணக்குப் போடலாம். கொலராடோவின் பைக்ஸ் பீக் மலைப் பாறையில் இப்படிப் பார்த்தா, பனிக்காலத்துக்கு முன்னாடியே அரிப்பு முடிஞ்சிருக்கு! இது 2020. மறு வருஷமே, கிராண்ட் கேன்யனின் கிழக்குக்கும் மேற்குக்கும் வேற வேற கதைன்னு இன்னொரு ஆய்வு. ரொடினியா என்ற பழைய பெருங்கண்டம் உடைஞ்சதுதான் காரணம்னு சந்தேகம் அந்தப் பக்கம் திரும்பியது. 2022-ல் பனிக் கட்சி புது ஆதாரத்தோட மறுபடி ஆஜர். தீர்ப்பு? இழுபறிதான்!

உங்க பல்லுல இருக்கு!

சரி, சுரண்டின பாறை எங்கே போச்சு? 2012-ல் ஷானன் பீட்டர்ஸ், ராபர்ட் கெய்ன்ஸ் சொன்ன பதில்தான் செம ட்விஸ்ட். அரிச்ச தரை மேல கடல் ஏறியபோது, கால்சியம் மாதிரி தாதுக்கள் கரைஞ்சு தண்ணியில் கலந்தன. அதிகப்படியான அந்தத் தாதுக்களைச் சமாளிக்கப் போய்த்தான் கடல் உயிரினங்கள் ஓடும் பல்லும் எலும்பும் கட்டிக்கத் தொடங்கியதுங்கிறது அவங்க கருத்து. அந்தக் கோட்டுக்கு மேலே ஓடு போட்ட ஜீவன்களின் ஃபாசில்கள் திடீர்னு குவியறதும் அதே காலத்தில்தான்.

அவங்க சொல்றது சரின்னா, கிழிஞ்ச பக்கங்கள் குப்பைக்குப் போகலை ஃப்ரெண்ட்ஸ். நாளைக்குக் காலையில பல் தேய்க்கும்போது கண்ணாடியைப் பார்த்து ஒரு தடவை சிரிங்க. தொலைஞ்ச நோட்ஸில் ஒரு துண்டு அங்கேயும் இருக்கலாம்!