சுனாமியை ஓடி ஜெயிக்க முடியுமா? பிச்சாவரம் கடற்கரையில் ஒரு 9-ம் வகுப்பு கணக்கு

2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை. இந்திய நேரப்படி காலை 6.29 மணியளவில் சுமத்ரா அருகே கடலுக்கு அடியில் நிலநடுக்கம். கடலூர் மாவட்டக் கரையை அலை தொட்டபோது சுமார் 2 மணி நேரம் கடந்திருந்தது. அவ்வளவு நேரம் இருந்தும் ஏன் இத்தனை உயிர்கள் போயின? பள்ளியில் படித்த 'இயக்கம்' பாடத்தை வைத்தே இதைப் புரிஞ்சுக்கலாம்.

அலை எவ்வளவு வேகமா வந்தது?

சுனாமியின் வேகத்தைக் கடலின் ஆழம்தான் தீர்மானிக்கிறது. ஆழத்தை மீட்டரில் எடுத்து, 10-ஆல் பெருக்கி, வர்க்கமூலம் கண்டால் நொடிக்கு எத்தனை மீட்டர் என்பது தோராயமாகக் கிடைக்கும்.

* ஆழம் 3,000 மீட்டர்: நொடிக்கு 173 மீட்டர். அதாவது மணிக்கு சுமார் 620 கி.மீ.
* ஆழம் 10 மீட்டர்: நொடிக்கு 10 மீட்டர். மணிக்கு 36 கி.மீ.

வரைபடம் என்ன சொல்கிறது?

படுக்கை அச்சில் நேரம், செங்குத்து அச்சில் தொலைவு என்று ஒரு வரைபடம் போடுங்க. கோட்டின் சாய்வுதான் வேகம். நடுக்கடலில் கோடு செங்குத்தாக ஏறும். கரையை நெருங்க நெருங்க வளைந்து படுக்கும். கோடு நேராக இருந்தால் வேகம் மாறவில்லை, வளைந்தால் மாறுகிறது. அவ்ளோதான்.

வேகம் குறைஞ்சுடுச்சே, ஓடிடலாமா?

இங்கேதான் பலரும் ஏமாறுவது. நீங்கள் கரையில் நிற்கிறீர்கள். அலை 600 மீட்டர் தள்ளி நொடிக்கு 10 மீட்டர் வேகத்தில் வருகிறது. கணக்கு எளிதாக இருக்க, இந்த வேகம் மாறாதுன்னு வச்சுக்குவோம்.

நீங்கள் நொடிக்கு 5 மீட்டர் வேகத்தில் ஓடினால், இடைவெளி ஒவ்வொரு நொடியும் 5 மீட்டர் குறையும். 600-ஐ 5-ஆல் வகுத்தால் 120 நொடி. வரைபடத்தில் இரண்டு கோடுகளும் வெட்டிக்கொள்ளும் இடம் அது. கரையிலிருந்து 600 மீட்டரில் அலை உங்களைப் பிடித்துவிடும்.

குழந்தையைத் தூக்கிக்கொண்டு நொடிக்கு 2 மீட்டர் வேகத்தில் போகும் தாய்க்கு? 75 நொடிதான். அதற்குள் அவர் 150 மீட்டர்தான் போயிருப்பார்.

அலையாத்திக் காடு என்ன செய்தது?

எதிர்ப்பு இருந்தால் வேகம் குறையும். இதற்குப் பெயர் எதிர் முடுக்கம். நிற்கும் தொலைவைக் காண, வேகத்தின் வர்க்கத்தை எதிர் முடுக்கத்தின் இரு மடங்கால் வகுக்கணும். நொடிக்கு 10 மீட்டர் வேகத்தில் வரும் ஒன்று, 0.1 எதிர் முடுக்கத்தில் 500 மீட்டர் போய் நிற்கும். எதிர் முடுக்கம் 0.2 ஆனால் 250 மீட்டரிலேயே நின்றுவிடும். வெள்ளம் ஒற்றைப் பந்து மாதிரி நகராது என்பதால் இது புரிதலுக்கான கணக்கு மட்டுமே.

பிச்சாவரத்தில் கடலோர மணல்திட்டில் இருந்த எம்.ஜி.ஆர். திட்டு கிராமத்தில் பெரும் உயிரிழப்பு. காட்டுக்குப் பின்னால் இருந்த ஊர்களில் பாதிப்பு குறைவு. பரங்கிப்பேட்டையில் இயங்கும் அண்ணாமலைப் பல்கலைக்கழகக் கடல் உயிரியல் மைய ஆய்வாளர்கள், 18 குடியிருப்புகளை ஆராய்ந்து 2005-ல் கட்டுரை வெளியிட்டனர். மரங்கள், கடலிலிருந்து உள்ள தொலைவு, நிலத்தின் உயரம் மூன்றும் உயிர் காத்தன என்றனர். அதே தரவை 2006-ல் மறு ஆய்வு செய்தவர்களோ, தொலைவும் உயரமும்தான் முக்கியக் காரணம், மரங்களின் பங்கு குறைவு என்றனர்.

அப்போ உயிர் காப்பது எது?

முன்கூட்டியே கிளம்புவது. நொடிக்கு 1 மீட்டர் வேகத்தில் மெதுவாக நடக்கும் பாட்டிகூட, 30 நிமிடம் கிடைத்தால் 1,800 மீட்டர் போய்விடுவார். வேகமாக ஓடுபவருக்குக் கிடைத்ததைவிட இது மூன்று மடங்கு தொலைவு!

2004-ல் அந்த 2 மணி நேரத்தைப் பயன்படுத்த நம்மிடம் சுனாமி எச்சரிக்கை அமைப்பு இல்லை. 2007 அக்டோபரில்தான் ஐதராபாத்தில் உள்ள இன்காய்ஸ் நிறுவனத்தில் எச்சரிக்கை மையம் தொடங்கப்பட்டது.

அதனால எச்சரிக்கை வந்தாலோ, கடல் திடீர்னு உள்வாங்கினாலோ, வேடிக்கை பார்க்க நிற்காதீங்க. அலை கண்ணுக்குத் தெரியும்போது மிச்சம் இருப்பது நிமிடங்கள் அல்ல, நொடிகள்.